நீளமும் கோணமும் இல்லாமல் ஒரு வடிவியலா? சிம்ப்ளெக்டிக், காண்டாக்ட் பற்றிக் கொஞ்சம் சொல்லுங்கள்

கணக்குப்பிள்ளை (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். எம்.எஸ்சி. கணிதம், இரண்டாம் ஆண்டு. இந்தப் பருவத்தில் விருப்பப் பாடமாக சிம்ப்ளெக்டிக் வடிவியல் எடுத்திருக்கிறேன். சேர்ந்தது ஆறு பேர், மூன்றாவது வாரத்தில் மிஞ்சியது மூன்று பேர். முதல் வகுப்பிலேயே "மூடிய, சிதையாத 2-ஃபார்ம் கொண்ட மேனிஃபோல்டு" (மேனிஃபோல்டு என்றால் பல பரிமாண வளைந்த வெளி) என்று பலகையில் எழுதியாயிற்று. அதிலிருந்து தேற்றம், துணைத்தேற்றம், தேற்றம்.

நிறுவல்கள் வரிவரியாகப் புரிகின்றன. எதற்காக என்பதுதான் புரியவில்லை. ரீமான் வடிவியலில் நீளம், கோணம், வளைவு என்று கையில் பிடிக்க ஏதாவது இருக்கும். இதில் நீளம் கிடையாது, கோணம் கிடையாது, வளைவும் கிடையாது என்கிறார்கள். அப்படியானால் மிச்சம் என்ன இருக்கிறது? இதோடு ஒட்டிக்கொண்டே காண்டாக்ட் என்று இன்னொன்று வருகிறது, அது என்ன உறவு? தெரிந்தவர்கள் சமன்பாடு குறைவாகச் சொன்னால் நல்லது. கைப்பேசியில் சமன்பாடு எல்லாம் உடைந்து தெரிகிறது.

ஊசல்

தம்பி, நான் இயற்பியல் வாத்தியார், ஓய்வுபெற்று ஏழு வருடம் ஆகிறது. உங்கள் பாடத்தை நான் படித்ததில்லை. ஆனால் அது எங்கள் வீட்டிலிருந்து போன பெண் என்பது தெரியும்.

ஒரு சுருள்வில்லில் ஒரு குண்டு ஆடுகிறது. அது எங்கே இருக்கிறது என்று மட்டும் சொன்னால் அடுத்த நொடி என்ன ஆகும் என்று சொல்ல முடியாது. எவ்வளவு உந்தத்தோடு போகிறது என்பதும் வேண்டும். ஆக, நிலைமை என்றால் இரண்டு எண்: இடம், உந்தம். இடத்தைக் கிடை அச்சிலும் உந்தத்தைக் குத்து அச்சிலும் குறித்தால் குண்டின் முழுக் கதையும் அந்தத் தாளில் ஒரு நீள்வட்டமாக ஓடும். இந்தத் தாளைத்தான் ஃபேஸ் ஸ்பேஸ் என்கிறோம், நிலைவெளி என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது கேட்கிறேன்: இந்தத் தாளில் இரண்டு புள்ளிகளுக்கு இடையே உள்ள 'நீளம்' என்ன? ஒரு அச்சில் மீட்டர், இன்னொரு அச்சில் கிலோகிராம் மீட்டர் பர் செகண்ட். இரண்டையும் வர்க்கமாக்கிக் கூட்டி மூலம் எடுத்தால் அர்த்தமே இல்லை. பரங்கிக்காயையும் பால் கணக்கையும் கூட்டுவது மாதிரி. ஆனால் பெருக்கலாம். இடம் பெருக்கல் உந்தம், அதாவது பரப்பளவு. அதற்கு ஒரு அலகு உண்டு, ஜூல் செகண்ட். பிளாங்க் மாறிலியின் அலகும் அதுதான்.

எனவே அந்தத் தாளில் நீளம் இல்லாதது குறை இல்லை. அங்கே அளக்கத் தகுந்தது பரப்பளவு ஒன்றுதான்.

உளுந்துவடை

ஐயா, பரங்கிக்காயும் பால் கணக்கும் என்றதும் எங்கள் வீட்டு மாதாந்திரப் பட்ஜெட் நினைவுக்கு வந்துவிட்டது. தொடருங்கள்.

நிரல்நரி

ஊசல் ஐயா சொன்னதைக் கணினியில் கண்ணால் பார்க்கலாம். நான் இந்தத் துறைக்குள் நுழைந்ததே ஒரு பிழையைத் தேடித்தான்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் சுருள்வில் அசைவுக்கு ஒரு நிரல் எழுதினேன். நிறை 1, விறைப்பு 1. இடத்தை 'இ' என்றும் உந்தத்தை 'உ' என்றும் வைத்துக்கொள்வோம். நேரப் படி 0.1. பாடப்புத்தகத்தில் உள்ள ஆய்லர் முறை:

புது இ = இ + 0.1 × உ
புது உ = உ − 0.1 × இ

தொடக்கம் இ = 1, உ = 0. ஆற்றல் என்பது இ வர்க்கம் கூட்டல் உ வர்க்கத்தில் பாதி. அந்தக் கூட்டுத்தொகை மாறாமல் 1 ஆகவே இருக்க வேண்டும். முதல் படியில் 1.01. இரண்டாம் படியில் 1.0201. நூறாவது படியில் 2.7. ஆயிரமாவது படியில் சுமார் 21 ஆயிரம்! யாரும் தொடாமலே சுருள்வில் கூரையைப் பிய்த்துக்கொண்டு போகிறது.

படியைச் சின்னதாக்கிப் பார்த்தேன், வெடிப்பது தாமதமானதே தவிர நிற்கவில்லை. பக்கத்து நாற்காலியில் இருந்த அக்கா பார்த்துவிட்டு ஒரே ஒரு மாற்றம் சொன்னார்கள்:

புது உ = உ − 0.1 × இ
புது இ = இ + 0.1 × (புது உ)

அவ்வளவுதான். இரண்டாவது வரியில் பழைய உந்தத்துக்குப் பதில் புதியது. இப்போது அந்தக் கூட்டுத்தொகை 0.95-க்கும் 1.06-க்கும் நடுவிலேயே ஏறி இறங்கிக்கொண்டிருக்கும், கோடிப் படி ஓட்டினாலும். இ வர்க்கம் + உ வர்க்கம் − 0.1 × இ × உ என்ற கோவை துளியும் மாறாது, சரிபார்த்துக்கொள்ளலாம்.

காரணம்: முதல் முறையின் அணிக்கோவை 1.01. ஒவ்வொரு படியிலும் நிலைவெளியின் பரப்பளவு நூற்றுக்கு ஒன்று ஊதுகிறது. இரண்டாவதன் அணிக்கோவை சரியாக 1. இதை சிம்ப்ளெக்டிக் ஆய்லர் என்பார்கள். இதன் பங்காளியான வெர்லே முறையை வைத்துத்தான் லூப் வெர்லே 1967-ல் 864 துகள்கள் கொண்ட திரவத்தைக் கணினியில் ஓட்டினார். 1991-ல் விஸ்டமும் ஹோல்மனும் கோள்களின் நீண்டகால ஓட்டத்துக்கு இதே வகையில் ஒரு முறை கொடுத்தார்கள். கோடிக்கணக்கான வருடம் கணக்குப் போட வேண்டிய இடத்தில் பரப்பளவைக் காப்பாற்றாத முறையை வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது.

கணக்குப்பிள்ளை

அண்ணா, ஓட்டிப் பார்த்தேன். ஆனால் அவசரத்தில் தலைகீழாக எழுதிவிட்டேன். முதலில் இ-யைப் புதுப்பித்து, அந்தப் புது இ-யை உ வரியில் போட்டேன். அதுவும் வெடிக்கவில்லையே?

நிரல்நரி

வெடிக்காது, இரண்டும் சரி. ஒரு சீட்டுக்கட்டை மேசையில் அடுக்கிவைத்து, உள்ளங்கையால் பக்கவாட்டில் சாய்த்துத் தள்ளுங்கள். சதுரமாகத் தெரிந்த பக்கம் சாய்ந்த இணைகரமாகும், பரப்பளவு மாறாது. ஒவ்வொரு வரியும் அப்படி ஒரு தள்ளு. முதல் வரி கிடையாகத் தள்ளுகிறது, அடுத்தது குத்தாகத் தள்ளுகிறது. ஒன்றுக்குப் பின் ஒன்றாகச் செய்தால் பரப்பளவு தப்பிக்கிறது. ஆய்லர் இரண்டையும் ஒரே நேரத்தில் செய்யப் பார்க்கிறது, அங்கேதான் கட்டு சிதறுகிறது.

பின்னல்காரி

நல்ல தொடக்கம். நான் இந்தத் துறையில் முனைவர் பட்டம் முடித்தவள், எனவே கொஞ்சம் நீளமாகவே எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தம்பி, அந்த 2-ஃபார்ம் என்ன செய்கிறது என்று மட்டும் பாருங்கள். ஒரு புள்ளியில் இரண்டு அம்புகளைக் கொடுத்தால் அது ஒரு எண் தரும். இடம்-உந்தம் தாளில் அந்த எண், இரண்டு அம்புகளும் சேர்ந்து அமைக்கும் இணைகரத்தின் பரப்பளவு, குறியோடு. அம்புகளை மாற்றிக் கொடுத்தால் குறி மாறும். ஒரே அம்பை இரண்டு தடவை கொடுத்தால் இணைகரம் நசுங்கிப் பூஜ்யம். அதனால்தான் நீளம் வராது. உட்பெருக்கத்தில் ஓர் அம்பு தன்னோடு சேர்ந்தால் நீளத்தின் வர்க்கம் கிடைக்கும், இங்கே எப்போதும் சுழிதான்.

இரண்டு குண்டுகள் இருந்தால் நான்கு பரிமாணம்: இ1, உ1, இ2, உ2. இப்போது ஒரு சின்ன இணைகரத்தின் நிழலை இ1-உ1 தாளில் விழவைத்துப் பரப்பளவு எடு, இ2-உ2 தாளிலும் எடு, இரண்டையும் கூட்டு. அதுதான் ஃபார்ம். கவனியுங்கள், இ1-இ2 தாளில் விழும் நிழல் கணக்கில் சேராது. எந்த இடம் எந்த உந்தத்தோடு ஜோடி என்பது முக்கியம்.

'சிதையாத' என்றால் எல்லா அம்புகளோடும் பூஜ்யம் தரும் சோம்பேறி அம்பு ஒன்றும் இல்லை என்று பொருள். இதிலிருந்தே பரிமாணம் இரட்டைப்படை என்று வந்துவிடும். எதிர்ச்சமச்சீர் அணியை இடம்மாற்றினால் அதன் எதிர்மறை. ஒற்றைப்படை வரிசையில் அணிக்கோவை தன் எதிர்மறைக்கே சமமாகும், ஆக பூஜ்யம்.

'மூடிய', அதாவது ஃபார்மின் வகையீடு பூஜ்யம், என்பது இன்னும் ஆழமான நிபந்தனை. ஹாமில்டனின் ஓட்டம் (ஆற்றல் சொல்கிறபடி நிலைவெளியில் புள்ளிகள் நகர்வது) ஃபார்மை மாற்றாமல் கொண்டுபோவது அதனால்தான். நான்கு பரிமாணக் கோளத்தில் சிம்ப்ளெக்டிக் அமைப்பு இருக்கவே முடியாது என்பதும் அதிலிருந்தே வருகிறது. அந்தக் கோளத்தில் மூடிய 2-ஃபார்ம் ஒவ்வொன்றும் ஏதோ ஒரு 1-ஃபார்மின் (ஒரே அம்பை வாங்கி எண் தருவது) வகையீடாக இருந்தாக வேண்டும். அப்படியானால் மொத்தக் கன அளவு ஸ்டோக்ஸ் தேற்றப்படி பூஜ்யம். கன அளவு பூஜ்யமான கோளம் ஏது? நம் சாதாரண உருண்டைக் கோளத்துக்கு இந்தச் சிக்கல் இல்லை, அதன் பரப்பளவே ஃபார்ம். ஆறு பரிமாணக் கோளத்திலும் முடியாது.

பெயர்க் கதையையும் சொல்லிவிடுகிறேன். கணிதர் ஹெர்மன் வைல், இந்த ஃபார்மைக் காக்கும் மாற்றங்களின் குலத்துக்கு (குரூப்) முதலில் 'காம்ப்ளெக்ஸ்' என்றுதான் பெயர் வைத்திருந்தார். கலப்பெண்ணின் காம்ப்ளெக்ஸோடு குழம்பியதால் 1939-ல் வெளிவந்த நூலில் அந்த லத்தீன் சொல்லை அப்படியே கிரேக்கத்துக்கு மாற்றிவிட்டார். 'சேர்த்துப் பின்னியது' என்பதுதான் இரண்டுக்கும் பொருள். என் புனைபெயர் அங்கிருந்து வந்தது.

உளுந்துவடை

தமிழில் 'பின்னல் வடிவியல்' என்று வைத்தால் ஆறாம் வகுப்புப் பின்னக் கணக்கு என்று நினைத்துப் பிள்ளைகள் ஓடிவிடுவார்கள். சிம்ப்ளெக்டிக்கே இருக்கட்டும்.

ஊசல்

அம்மா, ஒரு சந்தேகம். பரப்பளவு காக்கப்படுகிறது, சரி. எங்களுக்கு லியூவில் தேற்றம் 1838-லிருந்தே இருக்கிறது: நிலைவெளியில் கன அளவு மாறாது. பல பரிமாணத்தில் உங்கள் நிழல் பரப்பளவுக் கூட்டுத்தொகை, கன அளவுக்கு மேலே புதிதாக ஏதாவது சொல்கிறதா? இல்லை அதையே கணிதச் சட்டை போட்டுச் சொல்கிறதா?

பின்னல்காரி

ஐயா, இந்தத் துறையே அந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது. 1985 வரை யாருக்கும் திடமாகத் தெரியாது.

முதலில் கெட்ட செய்தி. டார்பூ 1882-ல் நிறுவியது: எந்த சிம்ப்ளெக்டிக் மேனிஃபோல்டையும் ஒரு புள்ளிக்கு அருகில் உற்றுப் பார்த்தால் எல்லாம் ஒரே மாதிரிதான். ரீமான் வடிவியலில் பூமியின் ஒரு துண்டைத் தட்டையான தாளில் நீளம் கெடாமல் ஒட்ட முடியாது, வளைவு காட்டிக்கொடுத்துவிடும். இங்கே காட்டிக்கொடுக்க ஒன்றுமே இல்லை. அதனால் இது களிமண் மாதிரி வளையும் என்று நினைக்க நிறைய இடம் இருந்தது. கன அளவு கெடாமல் எப்படி வேண்டுமானாலும் பிசையலாம் என்றால் ஐயா சொன்ன மாதிரி லியூவிலோடு கதை முடிந்தது.

மிகாயில் குரோமோவ் 1985-ல் காட்டியது வேறு. நான்கு பரிமாணத்தில் ஒரு பந்து எடுங்கள். ஒரு உருளை எடுங்கள்: இ1-உ1 தாளில் ஒரு வட்டம், மற்ற இரண்டு திசையிலும் முடிவில்லாமல் நீளுகிறது. உருளையின் கன அளவு முடிவிலி. எனவே கன அளவு மட்டும்தான் தடை என்றால், எவ்வளவு பெரிய பந்தையும் மாவு பிழிகிற மாதிரி நீட்டி ஒல்லியாக்கி உள்ளே செருகிவிடலாம். சிம்ப்ளெக்டிக் வழியில் முடியாது. பந்தின் ஆரம் உருளையின் ஆரத்தைவிடப் பெரிதாக இருந்தால் நுழையவே நுழையாது. துறைக்காரர்கள் இதைச் 'சிம்ப்ளெக்டிக் ஒட்டகம்' என்று கேலியாகச் சொல்வது, ஊசியின் காதில் ஒட்டகம் நுழைகிற பைபிள் வரியை வைத்து.

ஒரு எச்சரிக்கை, தேர்வில் பலர் வழுக்கும் இடம் இது. வட்டம் இ1-உ1 தாளில் இருக்க வேண்டும். இ1-இ2 தாளில் வட்டத்தை வைத்தால் தாராளமாகச் செருகலாம். இரண்டு இடங்களையும் பத்தில் ஒன்றாகச் சுருக்கு, இரண்டு உந்தங்களையும் பத்து மடங்கு நீட்டு. ஜோடிப் பரப்பளவுகள் மாறவில்லை, பந்து ஒல்லியாகிவிட்டது.

கணக்குப்பிள்ளை

அக்கா, எப்படி நிறுவினார்? வகுப்பில் "இது பாடத்திட்டத்துக்கு வெளியே" என்று சொல்லிவிட்டார்கள்.

பின்னல்காரி

முழு நிறுவலுக்கு ஒரு பருவம் வேண்டும். எலும்புக்கூடு மட்டும் சொல்கிறேன், அழகான எலும்புக்கூடு.

சோப்புப் படலத்தை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரு பந்தின் மையம் வழியாகப் போகும் சோப்புப் படலம், விளிம்பு முழுக்கப் பந்தின் மேற்பரப்பில் இருந்தால், அதன் பரப்பளவு குறைந்தபட்சம் பை பெருக்கல் பந்தின் ஆர வர்க்கம். தட்டையான வட்டத் தகடுதான் மிகச் சிக்கனம், வளைந்தால் கூடவே ஆகும். இது பழைய விஷயம்.

குரோமோவ் கொண்டுவந்தது கலப்பெண் வளைவரைகளின் ஒரு நெகிழ்வான வடிவம், ஹோலோமார்ஃபிக் போலிருக்கும் வளைவரைகள். அவற்றின் சிறப்பு, அவை சோப்புப் படலமாகவும் இருக்கும், அவற்றின் பரப்பளவை சிம்ப்ளெக்டிக் ஃபார்மே அளந்தும் விடும். உருளையின் முனைகளை மூடிச் சுருட்டிக்கொண்டால், அதன் ஒவ்வொரு புள்ளி வழியாகவும் அப்படி ஒரு கோளப் படலம் போகிறது என்று காட்டினார். அந்தப் படலத்தின் பரப்பளவு உருளையின் குறுக்குவட்டப் பரப்பளவுக்கு எவ்வளவு நெருக்கமாகவும் வைத்துக்கொள்ளலாம்.

இப்போது பந்து உள்ளே இருக்கிறது என்று வையுங்கள். பந்தின் மையம் வழியாக ஒரு படலம் போகும். பந்துக்குள் இருக்கும் துண்டு குறைந்தது பந்தின் வட்டப் பரப்பளவு. முழுப் படலமோ உருளையின் வட்டப் பரப்பளவு அளவே. ஆகப் பந்தின் வட்டம் உருளையின் வட்டத்தைத் தாண்ட முடியாது. முடிந்தது. நான் முதன்முதலில் இதைப் பலகையில் பார்த்த அன்று டீ குடிக்க மறந்துபோனேன்.

ஊசல்

அம்மா, கன்னத்தில் அறைந்த மாதிரி இருக்கிறது, நல்ல விதமாகத்தான். இடத்தையும் உந்தத்தையும் சேர்த்து ஒரு எல்லைக்கு மேல் ஒடுக்க முடியாது என்றால் இது ஹைசன்பர்க்கின் நிச்சயமின்மைதானே?

பின்னல்காரி

சாயல் உண்டு, அதே பொருள் இல்லை ஐயா. குரோமோவின் தேற்றத்தில் பிளாங்க் மாறிலி எங்கும் வராது. எல்லை என்பது நீங்கள் தொடங்கிய பந்தின் அளவைப் பொறுத்தது, இயற்கை விதித்த எண் அல்ல. முழுக்க முழுக்க ஹாமில்டன் காலத்து இயக்கவியல். ஆனாலும் நியூட்டன் உலகத்துக்குள்ளேயே இப்படி ஒரு பிடிவாதம் ஒளிந்திருந்தது என்பதுதான் ஆச்சரியம்.

அந்தப் பிடிவாதம் எவ்வளவு நுணுக்கமானது என்பதற்கு இன்னொன்று. பந்துக்குப் பதில் முட்டை வடிவத்தைப் பந்துக்குள் அடைக்கப் பாருங்கள். நான்கு பரிமாண முட்டை, ஒரு ஜோடித் தாளில் அதன் பரப்பளவு 1, மற்றதில் 'அ'. எவ்வளவு பெரிய பந்து வேண்டும்? அ = 2 என்றால், கன அளவுக் கணக்கில் பந்தின் வட்டப் பரப்பளவு 1.414 போதும். உண்மையில் 2 வேண்டும். அதாவது பாதிப் பந்து காலியாகவே கிடக்கும். அ-வை 2-லிருந்து 4 வரை ஏற்றினாலும் அதே 2 அளவுப் பந்து போதும், 4-ல் இடுக்கு இல்லாமல் நிரம்பிவிடும். பிறகு 5 வரை பந்து வளர வேண்டும், 5-லிருந்து 6.25 வரை மறுபடி 2.5-லேயே நிற்கும். இப்படியே படிக்கட்டு. படிகள் முடிவில்லாமல் குறுகிக்கொண்டே 6.85-க்குப் பக்கத்தில் குவியும், அது பொன் விகிதத்தின் நான்காம் அடுக்கு. படிகளின் மூலைகள் வருவது 1, 2, 5, 13, 34... என்ற ஒன்றுவிட்ட ஃபிபொனாச்சி எண்களின் விகிதங்களிலிருந்து! டூசா மெக்டஃபும் ஃபெலிக்ஸ் ஷ்லெங்க்கும் 2012-ல் வெளியிட்டது. எட்டைக் கொஞ்சம் தாண்டியதும் பிடிவாதம் விட்டுப்போகும், அதற்கப்புறம் கன அளவு மட்டும்தான் கணக்கு.

உளுந்துவடை

முட்டையைப் பந்துக்குள் அடைத்தால் ஃபிபொனாச்சி வருகிறதா? ஃபிபொனாச்சிக்கு முன்பே நம் நாட்டு யாப்புக்காரர்கள் குறில் நெடில் அடுக்கும்போது அந்த எண்களைக் கண்டுபிடித்துவிட்டார்கள், விரகாங்கர், ஹேமச்சந்திரர் எல்லாம். அதையும் பதிவு செய்துவைக்கிறேன்.

சரி, வடைக்கு ஏதாவது உண்டா? வடை என்றால் டோரஸ் என்று படித்திருக்கிறேன்.

பின்னல்காரி

உண்டு, அதுவும் பெரிய கதை. ஒரு மெதுவடையைத் தட்டில் குத்தாக நிறுத்துங்கள். ஒவ்வொரு புள்ளியின் உயரத்தையும் ஆற்றலாக எடுத்துக்கொண்டு ஹாமில்டன் ஓட்டத்தை ஓடவிட்டால், புள்ளிகள் சம உயரக் கோடுகளில் சுற்றும். நகராத புள்ளிகள் நான்கு: உச்சி, அடி, ஓட்டையின் மேல் விளிம்பு, கீழ் விளிம்பு. ஆற்றல் நேரத்தோடு மாறிக்கொண்டிருந்தாலும், இந்த மாதிரி ஓட்டத்தின் முடிவில், புள்ளிகள் தடுமாற்றமாக ஒட்டிக்கொள்ளாத வரை, குறைந்தது நான்கு புள்ளிகள் தொடங்கிய இடத்துக்கே திரும்பி வரும். ஆர்னால்டு 1960-களில் எல்லா மூடிய (இங்கே விளிம்பில்லாத, முடிவுள்ள என்று பொருள்) சிம்ப்ளெக்டிக் மேனிஃபோல்டுக்கும் இதே மாதிரி ஊகித்தார். விதை, புவான்கரே 1912-ல் இறக்கும் முன் நிறுவாமல் விட்டுப்போன தேற்றம். அடுத்த வருடமே பிர்க்காஃப் நிறுவினார். எல்லாப் பரிமாண வடைக்கும் 1983-ல் கான்லியும் செண்டரும் முடித்தார்கள். பிறகு ஆண்ட்ரியாஸ் ஃப்ளோயர் 1980-களின் இறுதியில் குரோமோவின் படலங்களை வைத்து ஒரு புதிய ஹோமாலஜியையே (வெளியின் ஓட்டைகளை எண்ணும் கருவி) கட்டினார். இன்று இத்துறையில் பாதிப் பேர் சாப்பிடுவது ஃப்ளோயர் கையால்தான்.

கணக்குப்பிள்ளை

அக்கா, இடிக்கிறதே. வடையைத் தட்டில் படுக்கவைத்துச் சும்மா ஒரு கால் சுற்று சுற்றினால் பரப்பளவு மாறாது, ஒரு புள்ளியும் பழைய இடத்தில் இருக்காதே?

பின்னல்காரி

சபாஷ். அந்தச் சுற்று பரப்பளவைக் காக்கிறது, ஆனால் ஹாமில்டன் ஓட்டம் இல்லை. அதை ஓட்டும் ஆற்றலை எழுதப் பார்த்தால், ஓட்டைக்குள் புகுந்து வெளியே சுற்றிவரும் திசையில் ஏறிக்கொண்டே போய், ஒரு முழுச் சுற்று வந்து தொடங்கிய புள்ளியைத் தொடும்போது வேறு மதிப்பில் நிற்கும். மாடிப்படி ஏறி ஏறித் தரைத்தளத்துக்கே வந்த மாதிரி. ஒரே மதிப்புள்ள ஆற்றல் இருக்க வேண்டும் என்பது ஊகத்தின் நிபந்தனையிலேயே இருக்கிறது.

நிரல்நரி

காண்டாக்ட் பற்றி யாரும் இன்னும் பேசவில்லையே. எனக்கும் அதில் அரைகுறைதான்.

பின்னல்காரி

போன வருடம் பாட்டியை மருத்துவமனையில் சேர்த்திருந்தபோது எனக்கு அது கையில் கிடைத்தது. சக்கர நாற்காலியில் உட்காரவைத்துக் கட்டிலுக்கு இணையாகக் கொண்டுவந்து நிறுத்திவிட்டேன். நடுவில் ஒரு சாண் இடைவெளி. நாற்காலியை முன்னே தள்ளலாம், பின்னே இழுக்கலாம், நின்ற இடத்தில் திருப்பலாம். பக்கவாட்டில் நகர்த்த முடியாது, பெரிய சக்கரம் விடாது. அந்த ஒரு சாண்தான் எனக்கு வேண்டியது.

நாற்காலியின் நிலைக்கு மூன்று எண்: தரையில் இரண்டு, பார்க்கும் திசை ஒன்று. ஆக முப்பரிமாணம். ஒவ்வொரு நிலையிலும் அனுமதி உள்ள அசைவுகள் இரண்டு பரிமாணத் தளம் ஒன்று. மூன்றாவது திசை தடை. ஒவ்வொரு புள்ளியிலும் இப்படி ஒரு தளம் ஒட்டவைத்திருக்கிறது, திசை திரும்பத் திரும்ப அந்தத் தளமும் முறுக்கிக்கொண்டே போகிறது. இந்த முறுக்கு எங்குமே நிற்காவிட்டால் அது காண்டாக்ட் அமைப்பு. முறுக்கு இல்லாவிட்டால் தளங்கள் வெங்காயத் தோல் மாதிரி அடுக்கடுக்காகப் பிரிந்துவிடும், ஒரு தோலில் இருப்பவன் அடுத்த தோலுக்குப் போகவே முடியாது. முறுக்கு இருப்பதால் போகலாம்.

எப்படி என்றால்: 10 டிகிரி கட்டில் பக்கம் திருப்பு, 2 மீட்டர் முன்னே போ, 10 டிகிரி திருப்பி நேராக்கு, 2 மீட்டர் பின்னே வா. கணக்குப் போட்டுப் பாருங்கள், கட்டிலை நோக்கி 35 சென்டிமீட்டர் நகர்ந்திருக்கும், பின்பக்கமாக வெறும் 3 சென்டிமீட்டர் வழுக்கல். தடை செய்யப்பட்ட திசையில், தடையை ஒரு கணமும் மீறாமல் போய்விட்டோம். காரை இடுக்கில் நிறுத்துகிற எல்லாரும் செய்வது இதன் அண்ணன்தான். பாட்டி, "ஏன்டி என்னை ஊர்கோலம் கூட்டிட்டுப் போறே" என்று கேட்டது தனிக்கதை.

ஒரு புள்ளி, அதன் வழியே ஒரு திசை: இந்த ஜோடியைத்தான் பழைய நூல்கள் தொடுகை உறுப்பு என்றன. சோபஸ் லீ 19-ஆம் நூற்றாண்டில் ஆராய்ந்தது, ஒன்றையொன்று தொடும் வளைவரைகளைத் தொடும் வளைவரைகளாகவே கொண்டுபோகும் மாற்றங்களை. பெயர் அங்கிருந்துதான். ஒளி அலைமுகம் நகர்வதும் அப்படியொரு மாற்றமே.

ஊசல்

அப்படியானால் வெப்ப இயக்கவியலும் உங்கள் கட்சிதான். ஆற்றல் மாற்றம் = வெப்பநிலை × என்ட்ரோபி மாற்றம் − அழுத்தம் × கன அளவு மாற்றம். ஐந்து மாறிகள், ஒரு தடை. நாற்பது வருடம் இதைப் பலகையில் எழுதினேன், இதற்கு ஒரு வடிவியல் பெயர் இருக்கிறது என்று ஒருவரும் சொல்லவில்லை.

பின்னல்காரி

அதேதான் ஐயா, ஐந்து பரிமாணக் காண்டாக்ட் வெளி. ஒற்றைப்படைதான் இதன் வீடு. சிம்ப்ளெக்டிக் இரட்டைப்படை. இரண்டுக்கும் உறவு கேட்டிருந்தார் தம்பி: ஆற்றல் மாறாது என்பதால் ஓட்டம் ஒரே ஆற்றல் மேற்பரப்பில் அடைந்துகிடக்கிறது, அதன் பரிமாணம் ஒன்று குறைவு, ஒற்றைப்படை. நல்ல மேற்பரப்பாக இருந்தால் அது காண்டாக்ட் வெளி. அங்கே சுற்றிவந்து தன்னையே சேரும் ஒரு பாதையாவது இருக்குமா என்பது வைன்ஸ்டீன் 1970-களின் இறுதியில் எழுப்பிய ஊகம். முப்பரிமாணத்தில் கிளிஃபர்ட் டவ்ப்ஸ் 2007-ல் 'இருக்கும்' என்று முடித்துவைத்தார். அதற்கு மேற்பட்ட பரிமாணத்தில் பொதுவாக இன்னும் திறந்தே கிடக்கிறது.

முப்பரிமாணக் காண்டாக்டில் இன்னொரு கிளை, முடிச்சுகள். தளங்களைத் தொட்டுக்கொண்டே போய் மூடும் கயிறு லெஜாண்டர் முடிச்சு. நாற்காலி சுற்றிவந்து தொடங்கிய நிலைக்கே வந்தால் அதன் பாதையும் அப்படித்தான். வழக்கமான முப்பரிமாணக் காண்டாக்ட் வெளியில், அவிழ்ந்த வெறும் வளையத்தைக்கூட முறுக்கு எண் (கயிற்றைச் சுற்றித் தளங்கள் எத்தனை தடவை முறுக்குகின்றன என்பது) −1-க்கு மேல் போகும்படி போடமுடியாது என்று பென்னக்கன் 1983-ல் காட்டினார். ஆனால் இந்த விதியை மீறும் காண்டாக்ட் அமைப்புகளும் உண்டு, அளவுக்கு மீறி முறுக்கியவை. அவை களிமண் ஜாதி என்று எலியாஷ்பெர்க் 1989-ல் நிறுவினார்: டோபாலஜி கணக்குத் தெரிந்தால் எல்லாம் தெரிந்தமாதிரி. மற்றவை இறுக்கமானவை, பிடிவாத ஜாதி. என் ஆய்வேடு இறுக்கமான பக்கம்.

நிரல்நரி

நம் ஊர்க்காரர்கள் யாராவது இதில் உண்டா?

பின்னல்காரி

நேரடியாக இதே பெயரில் யார் யார் என்ற பட்டியலுக்கு நான் போகவில்லை. ஆனால் எம். எஸ். நரசிம்மனும் சி. எஸ். சேஷாத்ரியும், இருவருமே சென்னை லயோலாவில் படித்தவர்கள், மும்பை டாடா ஆய்வு நிறுவனத்தில் இருந்தபோது 1965-ல் வெளியிட்ட தேற்றம் இருக்கிறதே, அதில் வரும் வெளிகளுக்கு இயல்பாகவே சிம்ப்ளெக்டிக் அமைப்பு உண்டு. அட்டியாவும் பாட்டும் 1983-ல் அந்தக் கோணத்திலிருந்து திரும்பப் பார்த்தார்கள். இன்றுவரை அந்த வெளிகள் எங்களுக்கு அன்றாடச் சோறு.

கணக்குப்பிள்ளை

எல்லாருக்கும் நன்றி. நேற்று இரவு உட்கார்ந்து நாற்காலியின் 1-ஃபார்மை எழுதி, அதன் வகையீட்டோடு பெருக்கிப் பார்த்தேன். தளத்தின் பரப்பளவு ஃபார்மும் கோணத்தின் வகையீடும் பெருக்கி, முன்னால் ஒரு கழித்தல் குறி வருகிறது. மூன்று தடவை போட்டேன், மூன்று தடவையும் கழித்தல். எங்கே தப்பு?

பின்னல்காரி

எங்கும் தப்பில்லை. பூஜ்யம் ஆகாமல் இருந்தால் போதும். கழித்தல் என்றால், நீங்கள் எடுத்த அச்சு வரிசைக்கு முறுக்கு எதிர்ப்பக்கம் போகிறது என்று அர்த்தம். கோணத்தை முதலில் போட்டு, பிறகு தளத்தின் இரண்டு அச்சையும் மாற்றி எழுதிப் பாருங்கள், கூட்டல் வரும்.

கணக்குப்பிள்ளை

வந்துவிட்டது. இன்று வகுப்புக்கு இரண்டு பேர்தான் வந்தோம். மூன்றாவது ஆளை இழைக்கு இழுத்து வருகிறேன்.

உளுந்துவடை

வரும்போது வடை வாங்கிவரச் சொல்லுங்கள். குத்தாக நிறுத்திப் பார்க்க வேண்டும்.